ஒரே சேசிஸ், இரண்டு வாழ்க்கை: வண்டலூர் ஹெரால்டும் டிரையம்ப் ஸ்பிட்ஃபயரும்

1961-ல் சென்னைக்குத் தெற்கே வண்டலூர் பக்கம் இருந்த ஸ்டாண்டர்ட் மோட்டார் தொழிற்சாலையிலிருந்து ஒரு புதிய கார் வெளியே வந்தது. பெயர் ஸ்டாண்டர்ட் ஹெரால்டு. அடுத்த வருஷம், 1962 அக்டோபரில், இங்கிலாந்தின் டிரையம்ப் கம்பெனி ஸ்பிட்ஃபயர் என்ற இரண்டு சீட் ஸ்போர்ட்ஸ் காரை அறிமுகம் செய்தது. முதலாவது, டாக்டரும் வக்கீலும் குடும்பத்தோடு போன வண்டி. இரண்டாவது, கூரையை மடக்கிவிட்டுக் காற்று வாங்கப் போன இளைஞர்களின் வண்டி. வெளியிலிருந்து பார்த்தால் சம்பந்தமே தெரியாது. பாடியைக் கழற்றிவிட்டு அடியில் பார்த்தால் இரண்டும் அண்ணன் தம்பி.

இந்த உறவுக்குள் நான் போனது ரேஸிங் சிமுலேட்டர் வழியாக. அசெட்டோ கோர்சா என்று ஒரு மென்பொருள். 2014-ல் இத்தாலியின் குனோஸ் கம்பெனி வெளியிட்டது. அதில் கம்பெனி தந்த கார்கள் போக, ரசிகர்கள் தாங்களே செய்து போட்ட கார்களும் ஏராளம். அப்படி ஒரு ஸ்பிட்ஃபயரைத்தான் சில மாதங்களாக ராத்திரி வேலை முடிந்த பிறகு ஓட்டிக்கொண்டிருக்கிறேன். ஓட்ட ஓட்ட, இந்தக் காரின் குணத்துக்கும் நம் ஊர் ஹெரால்டின் கதைக்கும் உள்ள தொடர்பு தெரிய ஆரம்பித்தது. அதைத்தான் இங்கே எழுதி வைக்கிறேன்.

பாடி செய்ய ஆள் கிடைக்காத கம்பெனி

1950களில் கார் உலகம் தனி சேசிஸை விட்டுவிட்டு வேறு பக்கம் போய்க்கொண்டிருந்தது. பாடியும் சேசிஸும் ஒன்றாகவே வெல்டிங் செய்யப்பட்ட மோனோகாக் முறை வந்துவிட்டது. எடை குறைவு, உறுதி அதிகம். இங்கிலாந்தில் ஸ்டாண்டர்ட் டிரையம்புக்கும் அந்த ஆசை இருந்தது. ஆனால் அவர்களுக்கு பாடி செய்து கொடுத்துக்கொண்டிருந்த ஃபிஷர் அண்ட் லட்லோ கம்பெனியை 1953-ல் போட்டிக் கம்பெனியான பி.எம்.சி. வாங்கிவிட்டது. புதிய காருக்கு முழு மோனோகாக் பாடி செய்து தர ஆள் இல்லை.

வேறு வழியில்லாமல் பழைய முறைக்கே போனார்கள். அடியில் தனி சேசிஸ். மேலே பாடியைத் துண்டு துண்டாக வெவ்வேறு இடங்களில் செய்து, கொண்டுவந்து போல்ட் போட்டு முடுக்குவது. வடிவம் வரைந்தது இத்தாலியின் டூரின் நகரத்து ஜியோவன்னி மிகெலோட்டி. 1959 ஏப்ரலில் டிரையம்ப் ஹெரால்டு வெளிவந்தது. கம்பெனியின் நிர்வாக இயக்குநர் அலிக் டிக் வைத்திருந்த படகின் பெயர்தான் காருக்கும் வைக்கப்பட்டது. கடற்கரைக்காரனான எனக்கு இந்த விஷயம் கொஞ்சம் கூடுதலாகவே பிடிக்கும்.

கஷ்டத்தில் எடுத்த அந்த முடிவால் இரண்டு விளைவுகள்.

ஒன்று: துண்டு துண்டாக இருக்கும் காரைப் பெட்டியில் அடைத்துக் கப்பலில் அனுப்புவது சுலபம். போய்ச் சேர்ந்த இடத்தில் பெரிய பிரஸ், பெரிய வெல்டிங் சாதனம் எதுவும் இல்லாமலே பூட்டிவிடலாம். 1948-ல் தொடங்கிய ஸ்டாண்டர்ட் மோட்டார் புராடக்ட்ஸ் ஆஃப் இந்தியா, வான்கார்டு போன்ற கார்களை ஏற்கெனவே பூட்டிக்கொண்டிருந்த கம்பெனி. அவர்களுக்கு ஹெரால்டு மாதிரி பொருத்தமான கார் வேறு கிடையாது. அதுமட்டுமல்ல, மோனோகாக் காரில் கதவு ஒன்று கூட்டினால் மொத்த உறுதியையும் திரும்பக் கணக்குப் போடவேண்டும். தனி சேசிஸில் அந்தத் தலைவலி குறைவு. 1968-ல் வண்டலூர்க்காரர்கள் நான்கு கதவு ஹெரால்டு மார்க் 3-ஐக் கொண்டுவந்தார்கள். இங்கிலாந்தில் நான்கு கதவு ஹெரால்டு என்று ஒன்று விற்பனைக்கே வந்ததில்லை. அது முழுக்க நம் ஊர்ச் சரக்கு.

இரண்டாவது விளைவு: அதே சேசிஸை வெட்டிச் சுருக்கினால் வேறு கார் செய்யலாம். அப்படிப் பிறந்ததுதான் ஸ்பிட்ஃபயர்.

துணி போர்த்திக் கிடந்த கார்

ஹெரால்டின் வீல்பேஸ், அதாவது முன்சக்கரத்துக்கும் பின்சக்கரத்துக்கும் இடையே உள்ள தூரம், 91.5 அங்குலம். ஸ்பிட்ஃபயருக்கு 83 அங்குலம். எட்டரை அங்குலம் குறைத்து, சேசிஸின் ஓரச் சட்டங்களை எடுத்துவிட்டு, நடுமுதுகெலும்பை மட்டும் வைத்துக்கொண்டார்கள். மேலே மிகெலோட்டியே வரைந்த இரண்டு சீட் பாடி. ஆனால் கம்பெனியிடம் காசு இல்லை. முன்மாதிரி வண்டி தொழிற்சாலை மூலையில் துணி போர்த்திக் கிடந்தது.

1961-ல் லாரி, பஸ் தயாரிக்கும் லேலண்ட் கம்பெனி ஸ்டாண்டர்ட் டிரையம்பை வாங்கியது. எண்ணூரில் அசோக் மோட்டார்ஸ் 1955-ல் அசோக் லேலண்ட் ஆனதே, அதே லேலண்ட்தான். புது முதலாளிகள் தொழிற்சாலையைச் சுற்றிப் பார்த்தபோது அந்தத் துணியைத் தூக்கிப் பார்த்து, தயாரிக்கச் சொன்னார்கள் என்பது கார் வரலாற்றில் பிரபலமான கதை. பஸ் கம்பெனி உயிர் கொடுத்த ஸ்போர்ட்ஸ் கார் இது.

1,147 சி.சி. எஞ்சின், 63 குதிரைத்திறன், எடை சுமார் 710 கிலோ. இன்றைய கணக்கில் ஒரு சின்ன ஹேட்ச்பேக்கின் சக்தி கூட இல்லை. ஆனாலும் 1965 லெ மான் 24 மணி நேரப் பந்தயத்தில் ஸ்பிட்ஃபயர்கள் 13-வது, 14-வது இடத்தில் முடித்து, தங்கள் எஞ்சின் வகுப்பில் முதலிடத்தையும் பிடித்தன. 1980 வரை உற்பத்தி நடந்தது. மூன்று லட்சத்துக்கும் மேல் செய்தார்கள். வண்டலூரில் ஸ்பிட்ஃபயர் தயாராகவில்லை. ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ், பிரீமியர், ஸ்டாண்டர்ட் என்று மூன்றே கார் கம்பெனிகள், எதற்கெடுத்தாலும் லைசென்ஸ் என்றிருந்த காலம். குடும்பக் காருக்கே ஜனங்கள் வருஷக்கணக்கில் காத்திருந்தபோது இரண்டு சீட் காருக்கு யார் அனுமதி கொடுப்பார்கள்?

பின்சக்கரம் மடங்கும் சங்கதி

இப்போ முக்கியமான இடத்துக்கு வருவோம். ஹெரால்டு, ஸ்பிட்ஃபயர் இரண்டுக்கும் பொதுவான ஒரு பாகம் பின்பக்க ஸ்விங் ஆக்சில்.

அம்பாசடரில் பின் ஆக்சில் ஒரே உருட்டுக் கட்டை. ஒரு சக்கரம் குழியில் இறங்கினால் மறுசக்கரமும் சாயும். ஸ்விங் ஆக்சிலில் டிஃபரன்ஷியல் சேசிஸோடு பூட்டியிருக்கும். அதிலிருந்து இரண்டு பக்கமும் இரண்டு தண்டுகள். ஒவ்வொரு தண்டும் உள்முனையில் மட்டும் மடங்கும். பறவை இறக்கையை நினைத்துக்கொள்ளுங்கள். குறுக்கே ஒரு பட்டை ஸ்பிரிங். விலை குறைவு, ஒவ்வொரு சக்கரமும் தன் பாட்டுக்கு மேலும் கீழும் போகும். மேடுபள்ளத்தில் சொகுசு.

பிரச்சினை என்னவென்றால், வெளிமுனையில் மூட்டு கிடையாது. சக்கரம் எப்போதும் தண்டுக்குச் செங்குத்தாகவே நிற்கும். தண்டு கீழே இறங்கினால் சக்கரத்தின் அடி உள்ளே வரும், தலை வெளியே சாயும். வளைவில் வேகமாகப் போகும்போது, வெளிப்பக்கச் சக்கரத்தைத் தரை உள்நோக்கித் தள்ளுகிறது. அந்தத் தள்ளல் தண்டு வழியாக வண்டியின் பின்பக்கத்தை மேலே தூக்குகிறது. தூக்கத் தூக்க சக்கரம் இன்னும் மடங்கும். டயர் ஓரத்தில் மட்டும் நிற்கும். பிடி சட்டென்று போய்விடும்.

இதைக் கிளப்பிவிடுவதற்குச் சிறந்த வழி, வளைவின் நடுவில் பயந்துபோய் ஆக்சிலேட்டரிலிருந்து காலை எடுப்பது. எடை முன்னால் சாயும், பின்பக்கம் எழும்பும், சக்கரம் மடங்கும், வண்டி சுற்றும். பயந்தவனைத்தான் இந்தக் கார் தண்டிக்கும்.

இது டிரையம்புக்கு மட்டும் உள்ள வியாதி இல்லை. ஃபோக்ஸ்வாகன் பீட்டில், மெர்சிடிஸ் 300 எஸ்.எல். எல்லாவற்றிலும் ஸ்விங் ஆக்சில்தான். அமெரிக்காவில் ரால்ஃப் நேடர் 1965-ல் எழுதிய கார் பாதுகாப்புப் புத்தகத்தின் முதல் இலக்கே ஷெவர்லே கார்வேர் காரின் ஸ்விங் ஆக்சில். பின்பக்கம் எஞ்சின் வைத்த கார் அது. 1972-ல் அமெரிக்க அரசின் போக்குவரத்துப் பாதுகாப்பு அமைப்பு சோதித்துவிட்டு, அந்தக் காலத்து மற்ற கார்களைவிட கார்வேர் மோசமில்லை என்று சொன்னது. அதற்குள் கார்வேரின் கதை முடிந்துவிட்டது.

சிமுலேட்டரில் என்ன நடக்கிறது

முன்பக்க எஞ்சின், பின்சக்கர ஓட்டம் கொண்ட பழைய கார்களை ஓட்டும்போது முதலில் பழக வேண்டியது நீண்ட பானெட். ஸ்பிட்ஃபயரில் டிரைவர் கிட்டத்தட்ட பின் ஆக்சிலுக்கு முன்னாலேயே உட்கார்ந்திருப்பார். நிஜ வண்டியில் பின்பக்கம் நழுவ ஆரம்பித்தால் இடுப்புக்குத்தான் முதலில் தெரியும். என் மேஜையில் இடுப்புக்கு ஒன்றும் தெரியாது. ஸ்டியரிங் மோட்டார் திருப்பித் தருவது பெரும்பாலும் முன்சக்கரத்தின் செய்தி மட்டும். பின்சக்கரம் என்ன செய்கிறது என்பதைத் திரையில் பானெட் நகரும் வேகத்தை வைத்துத்தான் ஊகிக்க வேண்டும். அந்தத் தகவல் அரை நொடி தாமதமாக வருகிறது. ஸ்விங் ஆக்சிலுக்கு அந்த அரை நொடி போதும்.

இங்கிலாந்தின் பிராண்ட்ஸ் ஹாட்ச் மைதானத்தில் முதல் வளைவு பேடக் ஹில். வலப்பக்கம் திரும்பிக்கொண்டே ரோடு சரேலென்று கீழே இறங்கும். எங்கள் பக்கம் ஏ.வி.எம். கால்வாய்ப் பாலத்தில் ஏறி இறங்கும்போது வயிறு லேசாகப் பறக்குமே, அந்த மாதிரி. உச்சியில் வண்டியின் எடை குறையும், பின்பக்கம் எழும்பும். அதே நேரத்தில் வளைவின் தள்ளலும் சேர்ந்துகொள்ளும். ஸ்விங் ஆக்சிலைச் சோதிப்பதற்கென்றே செய்த இடம் போலிருக்கும். தப்பிக்க ஒரே வழி: பிரேக்கை நேர்ரோட்டிலேயே முடித்துவிடு, திரும்புவதற்கு முன்பே ஆக்சிலேட்டரில் கொஞ்சம் கால் வை, அடியில் போய்ச் சேரும் வரை அந்தக் காலை எடுக்காதே. மெதுவாக உள்ளே போனால் வேகமாக வெளியே வரலாம்.

இந்தச் சமயத்தில்தான் கருங்கல் பக்கம் முன்பு வொர்க்‌ஷாப் வைத்திருந்த ஒரு மாமாவிடம் பேசினேன். எண்பதை நெருங்கும் வயது. ஹெரால்டுகளைப் பிரித்துப் பூட்டியவர். ஸ்விங் ஆக்சில் என்ற பெயரெல்லாம் அவருக்கு வேண்டாம்.

“ஜாக்கி வச்சுத் தூக்கினா பின்வீலு ரெண்டும் உள்ள மடங்கித் தொங்கும் மக்கா. கோழி காலு மாதிரி. பாக்கவே ஒரு மாதிரி இருக்கும்” என்றார்.

“வளைவுல கவிழும்னு சொல்றாங்களே மாமா?”

“ஆளு ஏறுன ஹெரால்டு ஒண்ணுஞ் செய்யாது. காலி வண்டியத்தான் நம்பப்பிடாது. நம்ம வள்ளம் மாதிரிதாம்ல. அடியில பாரம் கெடந்தா கெட்டியா நிக்கும்.”

அவர் சொன்னது இயற்பியல்படி சரி. பின்சீட்டில் நாலு பேரும் டிக்கியில் மூட்டையும் ஏறினால் ஸ்பிரிங் அமுங்கும். தண்டுகளின் வெளிமுனை மேலே போகும். சக்கரத்தின் தலை உள்ளே சாய்ந்து, அடி அகன்று நிற்கும். மடங்கும் நிலைக்கு அங்கிருந்து வெகுதூரம். டயரின் உள்ஓரம் சீக்கிரம் தேயும் என்பதுதான் விலை. சிமுலேட்டரில் காரின் அளவுகள் எல்லாம் சாதாரண எழுத்துக் கோப்புகளில்தான் இருக்கின்றன. அதனால் ஸ்பிட்ஃபயரின் பின்பக்கத்தில் எடையைக் கூட்டி, உயரத்தைக் குறைத்துப் பார்த்தேன். வண்டி சோம்பேறியானது, வேகம் குறைந்தது, ஆனால் பேடக் ஹில்லில் சுற்றுவது நன்றாகவே குறைந்தது. வேளாங்கண்ணிக்குக் குடும்பமே ஏறிப் போன ஹெரால்டுகள் ஏன் பெரும்பாலும் ஒழுங்காகத் திரும்பி வந்தன என்பதற்கு இது ஒரு காரணமாக இருக்கலாம். நம் ஆட்கள் அவ்வளவு வேகமாகப் போகவில்லை என்பது இன்னொரு காரணம். 948 சி.சி. எஞ்சினை வைத்துக்கொண்டு எவ்வளவு வேகம்தான் போக முடியும்?

ஒரே கேள்விக்கு இரண்டு பதில்கள்

ஸ்விங் ஆக்சிலை என்ன செய்வது என்ற கேள்வி இரண்டு ஊர்களிலும் கிட்டத்தட்ட ஒரே சமயத்தில் வந்தது.

இங்கிலாந்து 1970-ல் பதில் சொன்னது. ஸ்பிட்ஃபயர் மார்க் 4-ல் குறுக்குப் பட்டை ஸ்பிரிங்கின் பெரும்பாலான பட்டைகளை நடுவில் ஆடும்படி விட்டார்கள். இரண்டு சக்கரமும் சேர்ந்து மேலே வந்தால் ஸ்பிரிங் எதிர்க்கும். வண்டி ஒருபக்கம் சாய்ந்தால் ஸ்பிரிங்கும் கூடவே சாயும், பெரிதாக எதிர்க்காது. சாய்வைத் தடுக்கும் வேலை முன்பக்கத்துக்குப் போனது. பின்வெளிச் சக்கரத்தின் மேல் சுமை குறைந்தது, மடங்குவதும் அடங்கியது. அதே பாகங்கள், ஒரே ஒரு மாற்றம். அழகான என்ஜினியரிங்.

வண்டலூர் 1972-ல் பதில் சொன்னது. நான்கு கதவு ஹெரால்டின் முன்பின் முகத்தை மாற்றி ஸ்டாண்டர்ட் கெசல் என்று வெளியிட்டபோது, ஸ்விங் ஆக்சிலையே தூக்கிவிட்டு, அம்பாசடர் மாதிரி உருட்டு ஆக்சிலைப் போட்டார்கள். கார் ரசிகர்கள் பலர் இதைப் பின்னோக்கிய அடி என்பார்கள். தனித்தனிச் சக்கரத்தை விட்டுவிட்டுக் கட்டைக்குப் போவதா?

எனக்கு அப்படித் தோன்றவில்லை. உருட்டு ஆக்சிலில் எத்தனை மூட்டை ஏற்றினாலும் சக்கரம் நேராகவே நிற்கும். டயர் ஒரே சீராகத் தேயும். எந்த ஊர் மெக்கானிக்கும் கண்ணை மூடிக்கொண்டு பிரித்துப் பூட்டுவார். வளைவில் காலை எடுத்தாலும் சக்கரம் மடங்காது. வண்டலூர்க்காரர்களின் வாடிக்கையாளர் பேடக் ஹில்லில் இறங்குபவர் இல்லை. மழையில் அரித்த ரோட்டில், அளவுக்கு மேல் ஆள் ஏற்றி, இரண்டு ஊர் தாண்டித்தான் வொர்க்‌ஷாப் என்று போகிறவர். அந்த ஆளுக்கு அது சரியான பதில். கெசல் வெற்றி பெறவில்லை, 1977-ல் உற்பத்தி நின்றது. பின்பு 1985-ல் ஸ்டாண்டர்ட் 2000 வந்தது. ரோவர் எஸ்.டி.1 பாடிக்குள் வான்கார்டு காலத்து எஞ்சினை மாற்றியமைத்து வைத்த கார். விலை அதிகம், ஓட்டம் மந்தம். 1988-ல் அதுவும் முடிந்தது, பிறகு கம்பெனியும் முடிந்தது. தொழிற்சாலை இருந்த நிலத்தில் இன்று நிற்பவை மென்பொருள் பூங்காவும் அடுக்குமாடிக் குடியிருப்புகளும்.

பந்தயத்தைத் தமிழ்நாடு மறந்திருக்கவும் இல்லை. மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் 1953-ல் தொடங்கியது. சென்னைக்கு வடக்கே சோழவரத்தில், இரண்டாம் உலகப் போர்க்கால விமான ஓடுதளத்தில், பந்தயங்கள் நடந்தன. குடும்பக் கார்களாக விற்ற ஃபியட்டும் ஹெரால்டும் எஞ்சின் திருத்தப்பட்டு அங்கே ஓடின. 1990-ல் இருங்காட்டுக்கோட்டையில் சரியான பந்தயப் பாதை வந்த பிறகுதான் சோழவரம் ஓய்ந்தது. ஸ்போர்ட்ஸ் கார் கிடைக்காத ஊரில் அதன் அண்ணனை வைத்தே ஆசையைத் தீர்த்துக்கொண்டார்கள்.

கோப்பில் இல்லாத கார்

ஸ்பிட்ஃபயரை ஒரு ரசிகர் சிமுலேட்டருக்குள் கொண்டுவர முடிந்தது எப்படி? இங்கிலாந்தில் அதற்குக் கிளப்புகள் இருக்கின்றன. கம்பெனியின் வொர்க்‌ஷாப் மேனுவல் கிடைக்கிறது. ஸ்பிரிங் எவ்வளவு கெட்டி, கியர் விகிதம் என்ன, எடை எங்கே எவ்வளவு, எல்லாம் எண்களாக இருக்கின்றன. எண்கள் இருப்பதால், அந்தக் காரில் ஒருமுறைகூட உட்காராத இனயத்துக்காரன் ஒருவன் அதன் கெட்ட பழக்கம் வரைக்கும் தெரிந்துகொள்கிறான்.

கெசலுக்கு அந்த பாக்கியம் வேண்டுமானால் நாம்தான் அளக்க வேண்டும். பெரிய ஆய்வகம் தேவையில்லை. நாலு சக்கரத்துக்கும் கீழே நாலு எடைமேடை வைத்தால் எடைப் பங்கீடு வந்துவிடும். பின்பக்கத்தைத் தெரிந்த உயரத்துக்குத் தூக்கி, முன்சக்கரத்தில் எவ்வளவு எடை கூடுகிறது என்று குறித்தால், ஈர்ப்பு மையத்தின் உயரத்தைக் கணக்குப் போடலாம். ஸ்பிரிங்குக்கு இன்னும் சுலபம். பின் ஆக்சிலுக்கு நேர்மேலே 25 கிலோ அரிசி மூட்டை நாலு வைத்து, பாடி எத்தனை சென்டிமீட்டர் இறங்குகிறது என்று பாருங்கள். 4 செ.மீ. இறங்கினால், இரண்டு பக்கமும் சேர்த்து செ.மீ.க்கு 25 கிலோ. அவ்வளவுதான். ஒரு ஞாயிற்றுக்கிழமை வேலை.

நான்கு கதவு ஹெரால்டும் கெசலும் இந்த ஊர் எஞ்சினியர்கள் இந்த ஊர் ரோட்டுக்காக யோசித்துச் செய்தவை. டிரையம்ப் கிளப்புகள் தங்கள் வண்டியை அளப்பார்கள், இதை அளக்க மாட்டார்கள். கருங்கல் மாமா மாதிரி ஆட்களின் கையில்தான் இப்போதைக்கு அந்த விவரங்கள் இருக்கின்றன. கையில் இருப்பதைக் காகிதத்துக்கு மாற்ற அதிக காலம் இல்லை.

உங்கள் வீட்டுக் கொட்டகையிலோ சொந்தக்காரர் வீட்டிலோ ஓடும் நிலையில் ஒரு ஹெரால்டோ கெசலோ இருந்தால் எனக்கு ஒரு வரி எழுதுங்கள். எடைமேடையும் டேப்பும் நான் கொண்டுவருகிறேன். அரிசி மூட்டை மட்டும் நீங்கள் தரவேண்டும்.